ஜெரூஷா சொன்ன ‘போங்க’

என் மனைவி ஜெரூஷா இதுவரை பதினாலு கதாநாயகர்களைக் காதலித்திருக்கிறாள். ஒருத்தனையும் நேரில் பார்த்ததில்லை. தமிழ் தெரியாத ஒரு நடிகைக்கு ஒன்பது வருஷமாக அவள்தான் டப்பிங் குரல். வடக்கேயிருந்து வந்த அந்தப் பொண்ணு வாயை மட்டும் அசைக்கும். வெட்கம், சிணுங்கல், பெருமூச்சு எல்லாம் அஸ்தினாபுரத்து எங்கள் வீட்டிலிருந்து போகும்.

வீட்டுக்கு ஒன்றும் மிச்சம் வராது. சோறு மேசையில் இருக்கு, மோட்டார் போடணும், கேஸ் புக் பண்ணணும், அவ்வளவுதான் என்னிடம் அவள் பேசுவது. நான் இன்சூரன்ஸ் ஆபீஸ் கிளார்க்தான், ஆனாலும் மனுஷன் இல்லையா? வயிறு எரியும்.

போன வருஷம் ஒரு படத்தில் மாட்டிக்கொண்டாள். கல்யாணத்துக்கு மறுநாள் காலையில் கதாநாயகன் காப்பி போட்டு எடுத்துவருவான். அவள் வெட்கப்பட்டு ‘போங்க’ என்று சொல்ல வேண்டும். ஒரே வார்த்தை. இரண்டு நாள் சொல்லியும் டைரக்டருக்குப் பிடிக்கவில்லை. இது புருஷனை ரேஷன் கடைக்கு விரட்டுகிற ‘போங்க’ என்றாராம். மூன்றாம் நாளும் சரியாக வராவிட்டால் அந்த நடிகைக்கு வேறு குரல் போட்டுவிடுவேன் என்றும் சொல்லிவிட்டார். அன்று காலை ஜெரூஷா டீகூடக் குடிக்கவில்லை. நான் லீவு போட்டுவிட்டு அவளோடு வடபழனி டப்பிங் ஸ்டுடியோவுக்குப் போனேன்.

கண்ணாடிக்கு உள்ளே அவள், வெளியே டைரக்டரும் அவர் ஆட்களும் நானும். முப்பது தடவை சொல்லியிருப்பாள். கண் கலங்கிவிட்டது. எனக்குத் தாங்கவில்லை. வெளியே பேசுவது உள்ளே கேட்கிற பட்டனை நானே அமுக்கினேன்.

“ஜெரூ, அந்த ஹீரோ தடிமாடு கெடக்கான். எனக்கு ஒருதடவ சொல்லேன். பதினோரு வருஷமா நானும்தான் பாத்துகிட்டிருக்கேன்.”

எல்லாரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். மானம் போனது போனதுதான். ஜெரூஷாவுக்கு முகமெல்லாம் சிரிப்பு.

“ஐய, போங்க,” என்றாள்.

டைரக்டர் ஓகே சொல்லிவிட்டார். ‘ஐய’வை வெட்டிவிட்டு அதையே படத்தில் வைத்தார்கள்.

படம் வந்ததும் குரோம்பேட்டையில் ஞாயிறு ஆராதனை முடிந்த கையோடு பார்க்கப் போனோம். அந்த இடத்தில் ஒரே விசில். ஜோடிக்குள்ள கெமிஸ்ட்ரி பின்னிட்டாங்கப்பா என்று பக்கத்து சீட்டுக்காரர் உருகினார். எனக்குச் சுர்ரென்று ஏறியது. சார், அது என்கிட்ட சொன்னது என்றேன். அவர் பாப்கார்னை எடுத்துக்கொண்டு வேறு சீட்டுக்குப் போய்விட்டார்.

ஜெரூஷா என் கையைப் பிடித்தாள்.

“ஊரே கேட்டுட்டுப் போகட்டும். உங்களுக்குத்தானே சொன்னேன்.”

மீதிப் படத்தின் கதை எனக்கு இன்றுவரை தெரியாது.