வெளியில் வீணா

பிள்ளைக்குப் பெயர் வைத்த நேரத்தில் எனக்கும் என் கணவருக்கும் நடந்த சண்டையை நினைத்தால் இந்த வயதிலும் எனக்குக் கோபம் வருகிறது. நான் கொட்டாஞ்சேனையில் பிறந்து வளர்ந்தவள். எங்கள் தெருவில் பெண்பிள்ளைகளுக்கு வைத்த பெயர்கள் எல்லாம் ஒரே மாதிரியானவை: நிரோஷா, டிலானி, ஷாமினி, ரேணுகா. சிங்களப் பிள்ளைக்கும் பொருந்தும், தமிழ்ப் பிள்ளைக்கும் பொருந்தும். யாரும் திட்டம் போட்டு அப்படி வைத்தார்கள் என்று நான் நினைக்கவில்லை. துறைமுகத்துப் பக்கம் ஒரே பைப்பில் தண்ணீர் பிடித்த சனம், பெயர்களும் தன்பாட்டில் கலந்துவிட்டன. எனக்கு நிரோஷா என்ற பெயரில் ஓர் ஆசை இருந்தது.

என் கணவர் யாழ்ப்பாணத்தார். கொழும்புக்கு வேலைக்கு வந்து, என்னைக் கட்டி, வெள்ளவத்தையில் கடற்கரைப் பக்கத்து ஒழுங்கை ஒன்றில் வாடகைக்குக் குடியிருந்தவர். ஆஸ்பத்திரிக் கட்டிலில் நான் களைத்துப்போய்க் கிடந்த நேரம் பார்த்து வந்து, பெயர் முடிவாகிவிட்டது என்றார். யாழினி.

"அப்பிடியெண்டா என்ன?"

"யாழின்ர இனிமை உள்ளவள். யாழ் எங்கட ஆதி வாத்தியம் எல்லே."

"நீங்க அதைக் கண்டிருக்கிறீங்களா?"

"இல்லை."

"ஆராவது வாசிச்சுக் கேட்டிருக்கிறீங்களா?"

"இப்ப ஆரும் வாசிக்கிறேல்லை. அது எப்பவோ அழிஞ்சு போச்சு."

"அழிஞ்சு போனதின்ர பேரா என்ர பிள்ளைக்குக் கிடைச்சுது?"

"நீர் சும்மா இரும்," என்றார். யாழ்ப்பாணத்து ஆண்கள் மனைவியை மரியாதையாக 'நீர்' என்று சொல்லிக்கொண்டே வாயை அடைக்கக் கூடியவர்கள். நான் வீட்டுக்கு வருவதற்குள் போய்ப் பதிந்துவிட்டார்.

வாத்தியம் என்று அவர் சொன்னாலும் அவர் மனதில் இருந்தது ஊர்தான் என்பது எனக்குத் தெரியும். யாழ் வாசித்த குருடன் ஒருவனுக்கு அரசன் பரிசாகக் கொடுத்த மணல் வெளிதான் யாழ்ப்பாணம் என்று கதை சொல்வார்கள். அந்த ஊருக்குப் போகிற பாதை அப்போது அடைபட்டுக் கிடந்தது. ஊருக்குப் போக முடியாதவர்கள் ஊரின் பெயரில் பாதியை எடுத்துப் பிள்ளைகளுக்கு வைத்தார்கள். வெள்ளவத்தையில் அந்தக் காலம் எந்த மாடியில் நின்று 'யாழினி' என்று கூப்பிட்டாலும் எங்கிருந்தாவது ஒரு பிள்ளை எட்டிப் பார்க்கும். என் மகள் போன மொண்டிசோரியிலேயே மூன்று யாழினிகள். ரீச்சர் அவர்களைச் சாப்பாட்டுப் பெட்டியின் நிறத்தை வைத்துத்தான் பிரித்துச் சொல்வார். என் மகள் பச்சைப் பெட்டி யாழினி. இவ்வளவு பிடிவாதமாக வைத்த பெயர் கடைசியில் ஒரு பிளாஸ்டிக் பெட்டியில் போய் நின்றதே என்று நான் கணவரை நக்கலடித்திருக்கிறேன்.

அந்தப் பெயருக்கு மூன்றாவதாக ஓர் அர்த்தமும் இருக்கிறது என்பதைக் கொள்ளுப்பிட்டியில் ஒரு பொலிஸ்காரர் எனக்குச் சொல்லித் தந்தார்.

மகளுக்கு அப்போது ஐந்து வயது இருக்கும். நாங்கள் இருவரும் கொட்டாஞ்சேனைக்கு என் தாய்வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தோம். சோதனைச் சாவடியில் பஸ்ஸை நிறுத்தி எல்லோரையும் இறக்கினார்கள். எனக்கு அது பழகிப்போன விஷயம். அடையாள அட்டையில் பிறந்த இடம் கொழும்பு, வாயைத் திறந்தால் கொட்டாஞ்சேனைச் சிங்களம். பார்த்துவிட்டுப் போகச் சொல்வார்கள். அன்றைக்கு நின்ற இளம் பொலிஸ்காரர் நல்ல மனுஷன். குனிந்து பிள்ளையின் கன்னத்தைத் தட்டி, "நம மொகத்த?" என்று பெயர் கேட்டார். சிங்களத்தில் அவளுக்குத் தெரிந்த ஒரே கேள்வி அதுதான். நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னாள்.

"யால்... யால்தேவித?" என்று கேட்டு அவர் சிரித்தார். வடக்குக்கு ஓடிய யாழ்தேவி ரெயிலைத் தெரியாத சிங்களவர் இல்லை. ரெயில் நின்றுபோய்க் கனகாலம், பெயர் மட்டும் நிற்கவில்லை. நானும் பல்லைக் காட்டிச் சிரித்தேன். பக்கத்தில் கதிரையில் இருந்த பெரிய பொலிஸ்காரர் சிரிக்கவில்லை. பிள்ளையின் தகப்பன் எந்த ஊர், எப்போது வந்தவன், எங்கே வேலை, சொந்தக்காரர் யார் யார் வடக்கில் இருக்கிறார்கள் என்று தொடங்கினார். பஸ் எங்களை விட்டுவிட்டுப் போய்விட்டது. வெயிலில் நிறுத்தி வைத்தார்கள். பிள்ளை "அம்மா, தண்ணி விடாய்க்குது, இவை ஏன் எங்களை விடேல்லை?" என்று உரத்த தமிழில் கேட்டுக்கொண்டே நின்றாள். கடைசியில் போகச் சொன்னார்கள். அன்றிரவே கணவரைத் தேடி வீட்டுக்கு வருவார்கள் என்று நினைத்தேன். வரவில்லை. ஆனால் அந்தப் பயம் என்னை விட்டுப் போகவுமில்லை.

அதற்குப் பிறகுதான் நான் அவளுக்கு வெளிப்பெயர் வைத்தேன். யாழுக்குக் கிட்டிய சிங்களச் சொல் வீணாவ. வீணா என்றால் சிங்களப் பிள்ளைக்கும் இருக்கக்கூடிய பெயர். அர்த்தமும் அதிகம் மாறவில்லை. ஆனால் அவளுக்குச் சிங்களம் வராது, வாயைத் திறந்தால் தமிழ். பெயரை மாற்றி என்ன பிரயோசனம்? அதனால் ஒரு சட்டமும் போட்டேன்.

"பிள்ளை, வெளியில அம்மா வீணா எண்டு கூப்பிட்டா நீ வாய் திறக்கக்கூடாது. ஆர் என்ன கேட்டாலும் பேசாமல் நிக்கவேணும். அம்மாதான் கதைப்பன். விளங்குதா?"

"ஓம்."

வீட்டில் அதை விளையாட்டாகப் பழக்கினேன். அவள் கதைத்துக்கொண்டோ பாடிக்கொண்டோ இருக்கும்போது திடீரென்று "வீணா!" என்பேன். சட்டென்று உதடுகளை உள்ளே மடித்துக் கடித்துக்கொள்வாள். தகப்பன் வந்து அக்குளில் கூச்சம் காட்டினாலும் வாயைத் திறக்கமாட்டாள். கண்ணில் தண்ணீர் வரும், சத்தம் வராது. "பிள்ளையை வீணாக்கிப்போட்டீர்," என்று அவர் பகிடி பண்ணினார். பெயர் வைத்தவருக்குப் பகிடி, பிள்ளையைக் கையில் பிடித்துக்கொண்டு பஸ் ஏறுகிறவள் நான் அல்லவா. பிறகு பஸ்ஸில் போகும்போதெல்லாம் "வீணா, மெஹேட்ட என்ன," இங்கே வா என்று சிங்களத்தில் கூப்பிடுவேன். அவள் ஊமைபோல வந்து மடியில் ஏறுவாள். ஒருவரும் எங்களைத் திரும்பிப் பார்க்கவில்லை. எனக்கு என் கெட்டித்தனத்தில் பெருமையாகக்கூட இருந்தது.

ஒரு சனிக்கிழமை முற்பகல், மகளைக் கூட்டிக்கொண்டு வெள்ளவத்தைச் சந்தைக்கு மரக்கறி வாங்கப் போனேன். வாங்கிக்கொண்டு காலி வீதி என்கிற பெருந்தெருவுக்கு ஏறியதும் அந்தச் சத்தம் கேட்டது. காது அடைத்துப்போகிற மாதிரி ஒன்று. அந்தக் காலத்தில் கொழும்பில் அப்படி ஒரு சத்தம் கேட்டால் யாரும் என்ன ஏது என்று நின்று பார்ப்பதில்லை. முழு வீதியும் ஓடியது. கடைக்காரர்கள் ஷட்டர்களை இழுத்துவிட்டார்கள். அந்தத் தகர இரைச்சலே இன்னொரு வெடி போல இருந்தது. யாரோ ஒரு தடித்த மனுஷன் எனக்கும் பிள்ளைக்கும் நடுவில் புகுந்து ஓடினான். என் கையில் பை இருந்தது. மற்றக் கையில் ஒன்றும் இல்லை.

திரும்பிப் பார்த்தேன். கால்கள்தான் தெரிந்தன. பிள்ளையைக் காணவில்லை.

"வீணா!" என்று கூப்பிட்டேன். முன்னால் ஓடினேன், திரும்பிப் பின்னால் ஓடினேன். "வீணா! வீணா!" எதிரில் வந்தவர்களை மறித்து, நீலச் சட்டை போட்ட சின்னப் பிள்ளை ஒன்றைக் கண்டீர்களா என்று சிங்களத்தில் கேட்டேன். ஒரு பெண் என் கையை உதறிவிட்டு ஓடினாள். ஒரு கிழவர், "நோனா, துவன்ன," ஓடுங்கள் என்று எனக்குப் புத்தி சொல்லிவிட்டுப் போனார். பை எங்கே விழுந்ததென்று தெரியவில்லை. பூட்டிய ஷட்டர்கள் முன்னால் நின்று ஒவ்வொன்றாகக் கையால் அடித்துக்கொண்டு கூப்பிட்டேன். பஸ்களுக்கு நடுவில் குனிந்து பார்த்தேன். அவள் மிதிபட்டிருப்பாள் என்றே நினைத்தேன். எந்தச் சில்லின் அடியில் அந்த நீலச் சட்டை கிடக்கும் என்று என் கண் தேடியது.

பொலிஸ் விசில் ஊதத் தொடங்கியது. தெருவில் நின்றவர்களை ஒரு பக்கமாக ஒதுக்கினார்கள். பொடியன்கள் சிலரைச் சுவரோடு வரிசையில் நிறுத்தினார்கள். இனி யாரையும் தேடவிடமாட்டார்கள், எல்லோரையும் வீதியிலிருந்து துரத்துவார்கள். எனக்குத் தெரியும், எத்தனை தரம் பார்த்திருக்கிறேன். இருந்தும் நான் வீணா வீணா என்றுதான் கத்தினேன். திடீரென்று அந்தச் சொல் என் காதிலேயே வேறு மாதிரி விழுந்தது. வீணா, வீணா என்று வீதியில் நின்று வீணாகக் கத்திக்கொண்டிருக்கிறேன். இது என் பிள்ளையின் பெயரே இல்லை.

பொலிஸ்காரர் ஒருவர் என்னை நோக்கி வந்துகொண்டிருந்தார். என்னைத் துரத்தத்தான் வருகிறார். எனக்குள் என்னவோ அறுந்தது. அடையாள அட்டை, வடக்கு, தகப்பன், சொந்தக்காரர், எல்லாம் நாசமாய்ப் போகட்டும்.

"யாழினீ!"

என் வாழ்நாளில் நான் அப்படிக் கத்தியதில்லை. வரிசையில் நின்ற பொடியன்கள்கூடத் திரும்பினார்கள். "கவுத கே கஹன்னே?" யார் கத்துவது என்று அந்தப் பொலிஸ்காரர் அதட்டினார். நான் அவர் முகத்துக்கு நேரே இன்னொரு தரம் கத்தினேன்.

"யாழினீ!"

"அம்மா!"

குரல் எனக்கு மிகக் கிட்டவிருந்து வந்தது. நான் சற்றுமுன் கையால் அடித்த ஷட்டர் ஒன்றின் பின்னாலிருந்து வந்தது. அது ஒரு முஸ்லிம் முதலாளியின் புடைவைக் கடை. ஷட்டர் முழங்கால் உயரத்துக்கு எழும்ப, அதன் அடியால் நீலச் சட்டை வெளியே வந்தது. ஒரு கீறல்கூட இல்லை. நான் அவளைத் தூக்கவில்லை. முதலில் முதுகில் ஒன்று வைத்தேன். பிறகுதான் தூக்கினேன்.

கடைக்காரர் வியர்த்து ஒழுக ஷட்டருக்கடியால் குனிந்து வந்தார். "காலுக்குள்ள அம்புட்டுச் சாவப் போறாளே எண்டு நாந்தான் உள்ளுக்கு இழுத்தேன் புள்ள. நீங்க வீணா வீணா எண்டு தட்டினது கேட்டிச்சி. இவக்கிட்ட, நீயா மகள் வீணா எண்டு கேட்டேன், அது ஒங்கட உம்மாவா எண்டு கேட்டேன். வாயத் தொறக்கிறாளில்ல. ஊமப் புள்ளயாக்கும், வேற யாருடயோ புள்ளயாக்கும் எண்டு நெனச்சேன்."

"ஏன்டி பேசாமல் இருந்தனி? அம்மா கூப்பிட்டது கேக்கேல்லையா?"

"கேட்டது," என்றாள். "நீங்க வீணா எண்டுதானே கூப்பிட்டீங்க. நான் கதைக்கவே இல்லை அம்மா. அந்த மாமா எவ்வளவு கேட்டும் கதைக்கேல்லை." பாராட்டை எதிர்பார்க்கிற முகம். உதட்டில் அவள் கடித்த பல்லின் அடையாளம் இருந்தது. பிறகு பொலிஸ்காரர் பக்கத்தில் வந்ததைக் கண்டதும் தன் சின்னக் கையால் என் வாயைப் பொத்திக்கொண்டு காதுக்குள் சொன்னாள்: "அந்தப் பேரைக் கத்தாதேங்கோ அம்மா. எல்லாருக்கும் கேட்டுட்டுது."

பொலிஸ்காரர் பிள்ளையின் பெயரைக் கேட்டார். அவள் உதடுகளை மடித்துக் கடித்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். நான் அந்தக் கையை விலக்கி, யாழினி என்றேன். அவர் என் அட்டையை வாங்கிப் பார்த்தார், பிள்ளையைப் பார்த்தார், அட்டையைத் திருப்பித் தந்தார். பஸ் ஒன்றின் டயர் வெடித்ததாம், வீட்டுக்குப் போகச் சொன்னார். வீடு வரைக்கும் அவளை இறக்காமல் தூக்கிக்கொண்டு போனேன்.

அன்றோடு வீணா என்ற பெயரை விட்டுவிட்டேன். சட்டத்தையும் எடுத்துவிட்டேன், இனி யார் கேட்டாலும் சொல்லலாம் என்று பலமுறை சொன்னேன். அவள் ஓம் ஓம் என்றாள். இப்போது அவள் வேறு நாட்டில், சொந்த வீடும் நல்ல வேலையுமாக இருக்கிறாள். அங்கேயும் நிறைய யாழினிகள் இருக்கிறார்களாம். போன வருஷம் அவளிடம் போயிருந்தபோது பெரிய கடைத்தொகுதி ஒன்றில் எனக்குக் கொஞ்சம் முன்னால் நடந்துகொண்டிருந்தாள். பெயர் சொல்லிக் கூப்பிட்டேன், திரும்பவில்லை. மறுபடியும் கூப்பிட்டேன். அவளுடைய கணவர் என்னைப் பார்த்துச் சிரித்தார். "மாமி, சனத்துக்குள்ள கூப்பிட்டா அவ திரும்பமாட்டா. கிட்டப் போய்த் தோளில தொடவேணும்," என்றார்.