குடையை மடக்கிய வேட்பாளர்

இன்று காலை, நல்ல மழையில், சட்டசபைக்கு நிற்கும் சின்னச்சாமி எங்கள் மடுல்சீமைத் தோட்டத்துக்கு ஓட்டுக் கேட்டு வந்தார்.

எங்கள் லயத்து வரிசை வீட்டில் பிறந்தவர். அவர் அம்மா இங்கே கொழுந்து பறித்தவர். இப்போது பதுளையில் பெரிய ஆள்.

சொத்துள்ளவருக்குத்தான் ஓட்டு என்பதால், தோட்டத்தில் ஓட்டு இருப்பது பெரிய கங்காணிக்கு மட்டும். அவர் பாதையிலேயே மறித்துக் கேட்டார்.

"வெள்ளைக்காரத் தொரை வந்தா நாங்க குடையை மடக்கிட்டு ஓரத்துத் தண்ணிக் கான்ல எறங்கி நிக்கணும். இதைச் சபையில பேசுவீங்களா தம்பி?"

"பேசுவேன் கங்காணியாரே. இனிமே யாரும் எறங்க வேணாம்."

எனக்கும் சோதித்துப் பார்க்க ஆசை வந்தது. தேயிலைச் செடிக்குள் ஒளிந்துகொண்டு குரல் கொடுத்தேன். "தொரை குதிரையில வாறாரு."

இருவர் குடைகளும் ஒன்றாக மடங்கின. கங்காணி கானுக்குள் நின்றார். சின்னச்சாமி மட்டும் நனைந்தபடி பாதையிலேயே நின்றார்.

குதிரை வரவில்லை. கங்காணி மெதுவாக ஏறி வந்தார்.

"நீங்க எறங்கலையே தம்பி. அது போதும். என் ஓட்டு உங்களுக்குத்தான்."

சின்னச்சாமி குனிந்து தன் காலைப் பார்த்தார். "சப்பாத்து புதுசுங்க."

கங்காணி கொஞ்சம் யோசித்தார். ஆனால் வாக்கை மாற்றவில்லை.

கானில் இறங்காமல் அவரைச் சப்பாத்து காப்பாற்றிவிட்டது. குடையை மடக்காமல் இருக்க அவருக்கு என்ன வாங்கிக் கொடுக்கலாம், சொல்லுங்கள்.