முகப்பைத் திருப்பி வைத்தவர்

இலங்கையில் போர் முடிந்த அடுத்த வருடம், நான் புலம்பெயர்ந்து வாழும் ஸ்பிரிங்வேலில், கடையொன்றில் அவரைக் கண்டேன். தென்னாபிரிக்காத் தமிழர் என்று அவரே சொன்னார். வெள்ளைத் தாடி, இஸ்திரி மடிப்புக் கலையாத சட்டை. தட்டிலிருந்த ஒவ்வொரு பெட்டியிலும் எந்த நாட்டுச் சாமான் என்று வாசித்தார். இலங்கை என்றிருந்தால் முகப்பைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தார். கடைக்காரர் கண்டு சத்தம் போடுவாரோ என்று எனக்கு வியர்த்தது. ஆனாலும் மனதில் எரிந்ததைக் கேட்டுவிட்டேன்.

"நிறவெறியில அவ்வளவு பட்ட நாடு, அங்கிள். எங்களைக் கொன்றவங்களோட ஏன் கை குலுக்குது?"

"எங்க கவர்ன்மென்ட் இப்ப எல்லாரோடயும் கை குலுக்கும், தம்பி. எங்களை அடிச்ச வெள்ளைக்காரனுக்கு ஆயுதம் வித்தவனோடயும்தான். உங்களையும் உக்காந்து பேசச் சொல்லும்."

"நீங்கள்?"

"நான் என்ன கவர்ன்மென்டா?" இன்னொரு பெட்டியைத் திருப்பினார். "அந்த நிறவெறிக் காலத்துல வெளிநாட்டு ஜனங்க எங்க ஊர்ப் பழத்தை வாங்காம விட்டாங்க. அதுதான் வெள்ளைக்காரனுக்கு வலிச்சுது."

என் கூடையில் இலங்கைத் தேயிலை கிடந்தது. அவர் காணுமுன் எடுத்து, தட்டில் முகப்பைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தேன்.

அவர் பெயரைக்கூடக் கேட்கவில்லை. வீட்டில் இப்போது கென்யாத் தேயிலைதான். ருசியில்லை என்று மனைவி திட்டுகிறாள். ருசிக்காகவா குடிக்கிறேன்?