ஒரே ஒரு வலக்கை ஒட்டு

ஹெட்விக் லெசர் பெர்லினில் யூத முதியோர் இல்லத்தில் முப்பத்தோரு வருஷம் நர்சாக இருந்தாள். ஓய்வு பெற்ற மறு திங்கட்கிழமையே திரைப்படக் காப்பகத்தில் உதவி வேலைக்குப் போய் நின்றாள். சும்மா உட்கார்ந்தால் முட்டி பிடித்துக்கொள்ளும் என்பது அவள் சொன்ன காரணம். உண்மைக் காரணம் ஒரு பெயர்.

இல்லத்தில் அவள் பார்த்துக்கொண்டவர்களில் மின்னா என்ற பழைய ஸ்டுடியோ தையல்காரி ஒருத்தி. சாகும்வரை ஒன்றையே சொல்லிக்கொண்டிருந்தாள். "அந்தப் படத்த வெட்டி ஒட்டுனது எங்க செல்மா. நாஜிங்க வந்ததும் அவ பேர எடுத்துட்டு எவன் பேரையோ போட்டுட்டானுங்க." செல்மா பிராட்னிட்ஸை 1942இல் கிழக்கே வதைமுகாமுக்குப் போன ரயிலில் ஏற்றினார்கள். திரும்பவில்லை.

அந்த 1931ஆம் வருஷப் படத்தை இப்போது காப்பகம் புதுப்பித்துத் திரையிடப் போகிறது. தொகுப்பு: குர்ட் பிரெம்மெல் என்றிருந்தது தலைப்பு அட்டையில்.

"கிழவி பேச்ச வச்சுப் பேர மாத்த முடியாது சிஸ்டர்," என்றார் காப்பகத் தலைவர் டாக்டர் ரென்னர். "காகிதம் வேணும்."

"காகிதத்த எரிச்சவன்கிட்டப் போய் ரசீது வாங்கிட்டு வரட்டுமா டாக்டர்?"

அவர் படத்தின் மூலச் சுருளை அவளிடம் தள்ளினார். பிலிம் துண்டுகளைச் சேர்த்திருந்த, காய்ந்துபோன பழைய ஒட்டுகளையெல்லாம் பிரித்துப் புதிதாக ஒட்ட வேண்டும். அதுதான் அங்கே வழக்கம்.

சுருளின் நடுவில் ஓர் ஒட்டை லென்ஸுக்கு அடியில் வைத்ததும் ஹெட்விக் கத்தியைக் கீழே வைத்துவிட்டாள். காயக்கட்டைப் பார்த்தே போட்ட கை எதுவென்று சொல்லிவிடுகிறவள் அவள். இங்கே பசை பிடிக்கப் படலத்தைச் சுரண்டிய கீறல்கள் வழக்கத்துக்கு எதிர்ப்பக்கமாகச் சாய்ந்திருந்தன. பசையும் எதிர் ஓரத்தில்தான் திரண்டிருந்தது. இடக்கை வேலை.

மின்னா விட்டுப்போன புகைப்படத்தைக் கொண்டுவந்து ரென்னரிடம் காட்டினாள். வெட்டும் மேசையில் செல்மா, இடக்கையில் பசைத் தூரிகை.

"போட்டோவ இடவலம் மாத்தி அச்சடிச்சிருக்கலாம்."

"பின்னால சுவர்க் கடிகாரம் இருக்கு. எண்ணப் படிங்க."

ரென்னர் படித்தார். எண்கள் நேராகத்தான் இருந்தன. "அந்த பிரெம்மெலும் இடக்கைக்காரனா இருந்திருந்தா?"

நியாயமான கேள்வி. ஹெட்விக்குக்கு நியாயமான கேள்விகள் பிடிக்கும். ஒன்றையும் பிரிக்காமல் பதினோரு நாள் உட்கார்ந்து மொத்தச் சுருளையும் பார்த்தாள். இருநூற்றுப் பன்னிரண்டு ஒட்டுகள். இருநூற்றுப் பதினொன்று இடக்கை. ஒன்றே ஒன்று வலக்கை. அது எங்கே இருக்கிறதென்று ரென்னரையே பார்க்கச் சொன்னாள்.

அவர் லென்ஸில் குனிந்தார். சுருளின் தொடக்கத்தில் பிரெம்மெல் பெயர் போட்ட அட்டையைப் படத்தோடு சேர்த்த ஒட்டு அது.

"பேர ஒட்ட மட்டும் வேற ஆள் வந்திருக்கான்," என்றார் மெல்ல.

"வந்தவன் வேலையும் சுத்தமில்ல. ஓரம் பிசிறு."

"பிரிச்சிடுங்க சிஸ்டர். அத மட்டும்."

"பிரிக்கிறேன். தூக்கிப் போட மாட்டேன். டப்பாவுல போட்டுத் தேதி எழுதி வைப்பேன்."

திரையிட்ட அன்று இல்லத்திலிருந்து பதினான்கு பேரை வேனில் அழைத்துவந்து முன்வரிசையில் உட்காரவைத்தாள். எந்தப் படம் போட்டாலும் பத்தாவது நிமிஷம் குறட்டை விடுகிறவர்கள். விளக்கணைந்தது. தொகுப்பு: செல்மா பிராட்னிட்ஸ் என்று திரை முழுக்க வந்தது.

பதினான்கு பேரும் கைதட்டினார்கள். நிற்க முடிந்தவர்கள் எழுந்து நின்றார்கள். அரங்கமும் எழுந்தது, கடைசியில் ரென்னரும்.

ஹெட்விக் மட்டும் எழவில்லை. முன்னால் தள்ளாடி நின்ற கிழவரின் கோட்டைப் பிடித்து இழுத்தாள்.

"உக்காருங்க. படம் இன்னும் ஆரம்பிக்கவே இல்ல."