மாலை போட்ட எட்மண்ட்

எட்மண்டுக்குச் சாவு நன்றாக வரும். அவராகச் சொல்லிக்கொள்ள மாட்டார். டைரக்டர் புனிதன் சொல்வார். "அண்ணே, மலேசியாவுலேயே உங்கள மாதிரி யாராலயும் சாக முடியாதுலா" என்று தோளில் தட்டுவார். இது பாராட்டா சாபமா என்று எட்மண்ட் ஒரு நாளும் யோசித்ததில்லை. கலைஞர் அல்லவா!

சுவா பக்கத்தில் ஒரு தோட்டத்தில் செம்பனைக் குலை ஏற்றும் லாரி ஓட்டுவது அவருடைய பிழைப்பு. டிவி நாடகத்தில் நடிப்பது அவருடைய கௌரவம். ரப்பர் காட்டில் பாம்பு கடித்துச் செத்திருக்கிறார். துரையிடம் அடிபட்டுச் செத்திருக்கிறார். கள் குடித்துச் செத்திருக்கிறார். ஒரு தீபாவளி சிறப்பு நாடகத்தில், நடிகர்கள் பெயர் ஓடி முடிவதற்குள்ளேயே போய்ச் சேர்ந்துவிட்டார். ஒன்றிலாவது வாய் திறந்தாரா என்று கேட்டால், திறந்தார், நுரை தள்ளுவதற்கு. வசனம் பேச மட்டும் அந்த வாய்க்குக் கொடுத்து வைக்கவில்லை.

போன வருடம் புனிதன் பெரிய மனது பண்ணி அவருக்கு ஒரு தொடரில் வேடம் கொடுத்தார். கதாநாயகியின் செத்துப்போன புருஷன். அதாவது, சுவரில் தொங்கும் படம். ரஹாங்கில் ஒரு ஸ்டூடியோவில் நீலச் சட்டை போட்டு எடுத்த படத்துக்குச் சந்தனப் பொட்டு வைத்து, பிளாஸ்டிக் மல்லிகை மாலை போட்டு, கீழே சின்னதாக ஒரு சிவப்பு பல்பையும் எரியவிட்டார்கள். வாரம் ஐந்து நாளும் எட்மண்ட் டிவியில் வந்தார். அவர் இத்தனை நாள் தாக்குப்பிடித்த வேடம் வேறு கிடையாது.

அவர் மனைவி பெட்ரிசியா ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவள். படத்தைப் பார்த்ததும் கரண்டியோடு கூடத்துக்கு வந்துவிட்டாள்.

"உசுரோட இருக்கிற மனுசனுக்கு மாலையா? பொட்டு வேறயா? ஃபாதர் கேட்டா நான் என்னா சொல்றது?"

"இது கலை, பெட்."

"கலையாம் கலை! வாயில நல்லா வருது எனக்கு."

அவள் பயந்தது வீண்போகவில்லை. அடுத்த வாரமே, ஒரு காலத்தில் தோட்டத்து லயத்தில் பக்கத்து வீட்டுக்காரியாக இருந்த ராக்கம்மா வந்துவிட்டாள். கோலா கிளாவாங்கில் ஏதோ சாப்பாட்டுக் கடையில், சத்தமில்லாமல் ஓடிய டிவியில் மாலையோடு எட்மண்டைப் பார்த்திருக்கிறாள். மாலை போட்ட படத்துக்கு நம்மவர்களிடம் ஒரே அர்த்தம்தானே. கேட்டிலிருந்தே மாரில் அடித்துக்கொண்டு, "என் தம்பி, சொல்லாம கொள்ளாம போயிட்டியே!" என்று நுழைந்தவள், குழாயடியில் மோட்டார் சைக்கிள் கழுவிக்கொண்டிருந்த தம்பியைக் கண்டு அப்படியே நின்றாள்.

"அடப்பாவி! ரெண்டு பஸ் மாறி அழுதுக்கிட்டே வந்தேன்டா! இதெல்லாம் ஒரு பொழப்பா?"

உயிரோடு இருந்ததற்காக எட்மண்ட் அவளிடம் மன்னிப்புக் கேட்டு, மைலோ கலக்கிக் கொடுத்து, பஸ் நிலையத்தில் கொண்டுபோய் விட்டுவிட்டு வந்தார்.

ஒரு வார்த்தைகூடப் பேசாமலே செத்துக்கொண்டிருக்கிறோம் என்பது அன்றைக்குத்தான் அவருக்கு உறைத்தது. நேரே புனிதனுக்குப் போன் போட்டார். "தம்பி, ஒரே ஒரு வசனம் குடுப்பா. வேற எதுவும் கேக்கல."

"அண்ணே, பிளாஷ்பேக் வருதுலா! புருசன் பொண்டாட்டிய தேத்துற சீன். 'நான் இருக்கேன்ல, நீ ஏன் புள்ள அழுவுற?' இதுதான் வசனம். ரெடி பண்ணிக்குங்க."

எட்மண்ட் லாரி ஓட்டும்போது அதைச் செம்பனை மரங்களிடம் சொன்னார். எண்ணெய் போட நின்ற இடத்தில், பங்களாதேஷ் பையனிடமும் சொன்னார். அவன் பாவம், தலையாட்டினான். வீட்டில், நெத்திலி சம்பல் கிண்டிக்கொண்டிருந்த பெட்ரிசியாவிடம் சொன்னார்.

"நான் இருக்கேன்ல, நீ ஏன் புள்ள அழுவுற?"

பெட்ரிசியா திரும்பவில்லை. "நெசமா நான் அழுதப்பல்லாம் எங்க இருந்தீங்க? சூட்டிங்ல செத்துக்கிட்டு இருந்தீங்க."

எட்மண்டுக்கு முகம் தொங்கிப்போயிற்று. கொஞ்ச நேரம் கழித்து அவளே, "எந்த நாளுன்னு சொல்லுங்க. நானும் வர்றேன். நீங்க வாயத் தொறக்கிறத என் கண்ணால பாக்கணும்" என்றாள். அவ்வளவு போதும். நிஜமாகவே சாவதற்குள் ஒரு தடவை, ஒரே ஒரு வரி பேச வேண்டும். அதைப் பெட்ரிசியா கேட்க வேண்டும். அந்த மனிதருக்கு உலகத்தில் வேறு ஆசையே கிடையாது.

படப்பிடிப்பு கோலா கிளாவாங் பக்கத்தில், ஆள் இல்லாத ஒரு பழைய லயத்தில். எட்மண்ட் நீலச் சட்டையை இஸ்திரி போட்டு மாட்டிக்கொண்டு பெட்ரிசியாவோடு போய் இறங்கினால், அங்கே ஏற்கெனவே ஒரு நீலச் சட்டை நின்றுகொண்டிருந்தது. உள்ளே, ஜிம்முக்குப் போய் உடம்பு வளர்த்த ஓர் இளைஞன்.

"இது வாலிபத்துல நடக்கிற கதைண்ணே," என்றார் புனிதன், கூசாமல். "அதான் வசனம் இந்தத் தம்பிக்குப் போயிடுச்சு. ஆனா வந்தது வந்துட்டீங்க, சாவு சீனும் இன்னைக்கே எடுக்கிறோம். பெட்டியில படுங்கலா. உங்கள விட்டா யாருண்ணே இருக்கா?"

எட்மண்ட் படுத்தார். பழக்கம், என்ன செய்வது? மூக்கில் பஞ்சு வைத்தார்கள், நெற்றியில் காசு ஒட்டினார்கள். ஓரத்தில் பிளாஸ்டிக் நாற்காலியில், மடியில் நாசி லெமாக் சோற்றுப் பொட்டலங்களோடு உட்கார்ந்திருந்த பெட்ரிசியாவின் பக்கம் அவரால் பார்க்கவே முடியவில்லை.

புனிதன் "ஆக்‌ஷன்!" என்றார். கதாநாயகி ரோகினி, கிளிசரின் கண்ணோடு வந்து விழுந்தாள். "என்னை விட்டுட்டுப் போயிட்டீங்களே!" சுற்றிலும் கூலிக்கு வந்த பெண்கள் ஒப்பாரி வைத்தார்கள். எட்மண்ட் வழக்கம்போல இமையை ஒரு நூல் அளவு திறந்து வைத்திருந்தார். ரோகினியின் தோளுக்குப் பின்னால் அந்தப் பிளாஸ்டிக் நாற்காலி தெரிந்தது. அவர் சாவதை முதல் முறையாக நேரில் பார்க்கும் பெட்ரிசியா, முந்தானையை வாயில் பொத்திக்கொண்டு அழுதுகொண்டிருந்தாள். அவளுக்கு யாரும் கிளிசரின் கொடுக்கவில்லை.

பிணம் தலையைத் திருப்பியது.

"நான் இருக்கேன்ல, நீ ஏன் புள்ள அழுவுற?"

ரோகினி வீறிட்டுக்கொண்டு பக்கத்தில் கிடந்த பெஞ்சைத் தாண்டிக் குதித்தாள். ஒப்பாரிக்காரிகள் ஆளுக்கொரு பக்கம் ஓடினார்கள். மைக் பிடித்தவன் மைக்கைப் போட்டுவிட்டு மாரியாத்தாளைக் கூப்பிட்டான். "கட்! கட்!" என்று புனிதன் தலையில் அடித்துக்கொண்டார். "அண்ணே, என் சோத்துல மண்ணப் போட்டுட்டீங்களே! இனிமே எந்த நாடகத்துலயும் உங்களுக்குச் சாவே கிடையாது, போங்க!"

பெட்ரிசியா மட்டும் ஓடவில்லை. பெட்டியருகே வந்து, அவர் மூக்கிலிருந்த பஞ்சைப் பிடுங்கி எறிந்தாள். நெற்றிக் காசைத் தட்டிவிட்டாள்.

"இப்பவாச்சும் சொன்னீங்களே," என்றாள். "எந்திரிங்க, சாப்பிடலாம்."