நான்காமவர் போட்ட பூஜ்யம்

டாக்டரம்மா தன் விடைத்தாளின் நகலை ஓர் எக்ஸ்ரே உறைக்குள் வைத்துக் கொண்டுவந்தார். மடங்கிவிடக் கூடாதாம். எங்கள் சீனியர் வக்கீலின் பெங்களூர் அலுவலகத்தில் நான் தட்டச்சு வேலை பார்த்தேன், இன்றும் அதே நாற்காலிதான். வருகிறவர்கள் பிளாஸ்டிக் பையைக் கவிழ்த்து என் மேசைமேல் காகிதங்களைக் கொட்டித்தான் பழக்கம். இவர் ஒவ்வொரு தாளாக இரண்டு கையாலும் எடுத்து வைத்தார். தருமபுரிப் பக்கத்துப் பெண். பெங்களூரில் எம்.டி. படித்து, கடைசிப் பரீட்சையில் ஒரே ஒரு மதிப்பெண்ணில் தோற்றிருந்தார்.

அந்த விடைத்தாளை நான்கு பேர் தனித்தனியாகத் திருத்தியிருந்தார்கள். நால்வர் போட்டதன் சராசரிதான் முடிவு. மூன்று பேர் தேர்ச்சிக்கு மேலேயே போட்டிருக்க, நான்காமவர் அடிமட்டத்துக்கு இறங்கி, சராசரியையும் கூடவே இழுத்துக்கொண்டு போய்விட்டார். அதிலும் பாம்புக்கடி சிகிச்சை பற்றிய கேள்விக்கு மற்றவர்கள் பத்துக்கு ஏழு, எட்டு என்று கொடுத்திருக்க, இவர் பூஜ்யம். நான்கு பக்கம் எழுதிய விடைக்குப் பூஜ்யம். "தப்பா எழுதியிருந்தா கழிக்கட்டும் அக்கா. படிச்சுட்டுக் கழிச்சாங்களா, படிக்காமலேயே கழிச்சாங்களா? அதை மட்டும் கோர்ட்ல சொல்லட்டும்" என்றார். என்னிடம் சொல்லி என்ன பயன்? ஆனாலும் சீனியரிடம் பேசுவதற்கு முன் எல்லோரும் என்னிடம்தான் ஒத்திகை பார்ப்பார்கள்.

கையெழுத்துத் தாளைக் கோர்ட்டில் கொடுத்தால் தட்டச்சுப் பிரதியும் சேர்த்துக் கொடுக்க வேண்டும். டாக்டர்களின் கையெழுத்தைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை. பி.யூ.சி.யோடு படிப்பை நிறுத்திய நான், இரண்டு பகல் உட்கார்ந்து அந்த விடையை எழுத்தெழுத்தாக அடித்தேன். விளங்காத சொல் வந்தால் அவருக்கு போன் செய்வேன். பொறுமையாக எடுத்துச் சொல்வார். கடித்த இடத்துக்கு மேலே கயிறு கட்டக் கூடாது, கத்தியால் கீறக் கூடாது என்று அவர் எழுதியிருந்தது எனக்கே புரிந்தது. முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை இதைப் படித்ததாகச் சத்தியம் செய்யக்கூடிய ஆள் இந்த ஊரிலேயே நான் ஒருத்திதான் என்று ஜீவனஹள்ளி வீட்டுக்குத் திரும்பும் பஸ்ஸில் தோன்றியது. முதலில் சிரிப்பு வந்தது, பிறகு எரிச்சல் வந்தது.

வழக்கு பட்டியலில் வரும். பல்கலைக்கழகத்தின் வக்கீல் எழுந்து பதில் தாக்கல் செய்ய அவகாசம் கேட்பார், கிடைக்கும். அடுத்த முறை இன்னும் கொஞ்சம் அவகாசம். நான்கு பக்கத்தைப் புரட்டிப் பார்க்க எத்தனை மாதம் வேண்டும்? அவர்கள் காத்திருந்தது அடுத்த பரீட்சைக்காக. அதில் டாக்டரம்மா தேறிவிட்டால், பழைய வழக்கில் தீர்ப்பதற்கு ஒன்றுமில்லை என்று மூடிவிடலாம். அதற்கு முன்பே இரண்டு டாக்டர்களின் வழக்கு அப்படி முடிந்ததை நான் பார்த்திருக்கிறேன். சீனியருக்கும் தெரியும்.

ஒருநாள் டாக்டரம்மா கேட்டார்: "அடுத்த எக்ஸாம் எழுதட்டுமா சார்? எழுதினா நான் ஃபெயில்தான்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடாதா?"

"சும்னே எழுதும்மா. கேஸ் பாட்டுக்கு கேஸ் நடக்கும்" என்றார் சீனியர், கன்னடம் கலந்த தமிழில்.

டாக்டரம்மா என் முகத்தைப் பார்த்தார். நானும், "எழுதிடுங்க மேடம்" என்றேன். அவருக்கு ஒரு வருஷம் வீணாகக் கூடாது என்ற நல்லெண்ணம்தான். ஆனால் தேறினால் வழக்கு செத்துவிடும் என்பதைச் சொல்லவில்லை. சொன்னால் எழுதாமல் இருந்துவிடுவாரோ என்று பயம். அவர் வாழ்க்கையை அவர் முடிவு செய்யட்டும் என்று விட எனக்கு மனம் வரவில்லை. இன்றைக்கு நினைத்தாலும் என்மேல் எனக்கே ஆத்திரம் வருகிறது.

எழுதினார், தேறினார். அடுத்த விசாரணை ஒரு நிமிடம்கூட நடக்கவில்லை. மனுதாரர்தான் பாஸாகிவிட்டாரே, இனி என்ன என்றது எதிர்த்தரப்பு. எங்கள் சீனியரும் தலையாட்டினார். விடைத்தாள் இருந்த கட்டை யாரும் பிரிக்கவேயில்லை. வராண்டாவில் சீனியர், "ஸ்வீட் எல்லிம்மா?" என்று இனிப்பு எங்கே எனக் கேட்டுச் சிரித்துவிட்டு அடுத்த வழக்குக்கு ஓடினார்.

டாக்டரம்மா சுவரோரமாக நின்றார். "அப்போ அந்த பூஜ்யம்?" என்றார்.

"நான் முழுசா படிச்சேன் மேடம், ஒரு வரி விடாம" என்றேன். ஆறுதலாக இருக்கட்டும் என்றுதான் சொன்னேன்.

"நீங்க படிச்சு என்ன அக்கா ஆகப்போகுது?" அவர் குரலில் கோபமே இல்லை, அதுதான் எனக்கு வலித்தது. பிறகு, "இப்படித்தான் முடியும்னு முன்னாடியே தெரியுமா?" என்று கேட்டார்.

"தெரியும்" என்றேன். அதன்பிறகு அவர் என்னோடு பேசவில்லை.

இப்போதும் ரிசல்ட் வந்த வாரத்தில் எங்கள் அலுவலகத்தில் டாக்டர்கள் கூட்டம். டாக்டரம்மாவின் மனுவைத்தான் மாதிரியாக வைத்திருக்கிறேன். பெயரையும் பதிவெண்ணையும் மாற்றினால் முக்கால்வாசி வேலை முடிந்தது. போன மாதம் வந்த பெண்ணிடம், சீனியர் வருவதற்கு முன்பே சொல்லிவிட்டேன்: "அடுத்த எக்ஸாம் எழுதி பாஸானா கேஸ் போயிடும் மேடம். எழுதலைன்னா வருஷம் போயிடும்."

அவர் கண் கலங்கிவிட்டது. "அப்போ நான் என்னதான் பண்றது?" என்றார்.

உண்மையைச் சொல்லிவிட்டால் என் பாரம் இறங்கிவிடும் என்று இத்தனை நாளாக நம்பியிருந்தேன். வக்காலத்துத் தாளை அவர் பக்கம் நகர்த்தி, கையெழுத்துப் போட வேண்டிய இடத்தைக் காட்டினேன்.