மனைவியர் சங்கத்தில் டெல்ஃபின்

டெல்ஃபின் இபான்யெஸ் 1978ஆம் ஆண்டு காப்பிஸ் மாகாணத்தில் ஒரு கடலோரச் சிற்றூரில் பிறந்தார். தொழில், ரொட்டிக்கடை. மனைவி அனலூ, பிள்ளைகள் இருவர். 2015இல் அனலூ ஊர் மின் கூட்டுறவில் கம்பம் ஏறும் வேலைக்குச் சேர்ந்தார். அங்கே அதற்குமுன் எந்தப் பெண்ணும் கம்பம் ஏறியதில்லை. இதுவரை ஐயமற்ற செய்திகள்.

மேலாளர் குறை வைக்கவில்லை. வாசலில் 'அனைவரும் சமம்' என்று பதாகை கட்டினார். அனலூவின் அளவுக்கு இடுப்புவார் வாங்கினார். கழிப்பறைக்குத் தனிக் கதவு போட்டார். அனலூவுக்கு ஒரு கணவர் இருப்பார் என்பதை மட்டும் எவரும் யோசிக்கவில்லை.

கம்பம் ஏறுவோரின் மனைவியர்க்கு அங்கே ஒரு சங்கம் உண்டு. புயல் காலத்தில் சமைத்துப் போடுவதும், திருவிழாவில் மஞ்சள் பாவாடை உடுத்தி ஆடுவதும் அதன் கடமைகள். அரிசி அப்பம் விற்ற காசில் சங்கம் வாங்கிய வயர்லெஸ் பெட்டி ஒன்று அலுவலகத்தில் இருந்தது. ஆண்கள் வெளித்தீவுகளுக்குக் கம்பம் நடப் போயிருந்தால், ஞாயிறு பூசை முடிந்ததும் மனைவியர் வரிசையில் நின்று ஆளுக்கொரு நிமிடம் பேசுவார்கள்.

ஒரு டிசம்பரில் கிழக்குத் தீவொன்றைப் புயல் புரட்டிப் போட்டது. அனலூவும் குழுவோடு போனார். அங்கே கைப்பேசிக் கோபுரங்கள் சாய்ந்து கிடந்தன. ஞாயிறன்று டெல்ஃபின் சூடான ரொட்டிப் பையுடன் வரிசையின் கடைசியில் போய் நின்றார். சங்கத் தலைவி ஒஃபேலியா மூக்குக் கண்ணாடியை இறக்கிப் பார்த்தார். அவ்வூரில் தோதோ என்றால் தம்பி, மனாங் என்றால் அக்கா.

"தோதோ, ரொட்டியை வச்சிட்டுக் கிளம்பு. இது பொண்டாட்டிங்க வரிசை."

"மனாங், என் வீட்டுக்காரியும் அங்கதான் கம்பத்துல தொங்குறா."

"தொங்கட்டும். நீ பொண்டாட்டியா?"

"இல்ல, புருஷன்."

"அதைத்தான் நானும் சொல்றேன். அடுப்புல வெந்து நாங்க வாங்கின பொட்டி இது. பதாகை கட்டினாரே மேனேஜர், அவரைப் போய்க் கேளு."

கேட்டார். மேலாளர் தலையைச் சொறிந்தார். "கக்கூஸ் கதவு வரைக்கும் யோசிச்சோமப்பா, புருஷனை யோசிக்கலையே! பொட்டி அவங்களோடது. ஒஃபேலியாகிட்ட பேச எனக்கே பயம்."

திரும்பி வந்த டெல்ஃபினுக்கு அழாத குறை. கிறிஸ்துமஸுக்கு முந்தைய விடியற்பூசைக் காலம் நெருங்கி, கடையில் வேலை கழுத்தை நெரிக்கும்போது தீவுக்குப் போக அனலூ தாமாகவே பெயர் கொடுத்துவிட்டார் என்று இருவருக்கும் சண்டை நடந்திருந்தது. நெஞ்சில் முள்ளாய்க் கிடந்ததை இப்போது வரிசை முழுவதற்கும் கேட்கும்படி சொல்லிவிட்டார்.

"சாப்பிட்டுக்கிட்டிருந்தோம் மனாங். லாரி ஹாரன் அடிச்சுது. பாதிச் சோத்துல எழுந்து போனா. கோவத்துல நான் தட்டைத் திருப்பி வைக்கல."

வரிசையில் ஒருத்தி சிலுவைக் குறி போட்டுக்கொண்டாள்.

"அடப் பாவி! ஆள் கிளம்பறப்ப தட்டை ஒரு சுத்துத் திருப்பி வைக்காட்டி, போனவ எப்படிப் பத்திரமா வருவா? அதுவும் கம்பத்துல ஏறுறவ!"

"அதான் மனாங். மாவுல உப்பு போட்டேனா, சர்க்கரை போட்டேனான்னே தெரியல. அவ குரலைக் கேட்டாப் போதும்."

"ரொட்டி ஏன் கரிக்குதுன்னு இப்பல்ல தெரியுது!" என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

கணவரைப் பல புயல்களுக்கு அனுப்பியவர் ஒஃபேலியா. வரிசையைத் திரும்பிப் பார்த்தார். "இப்படி உப்பு எது சர்க்கரை எதுன்னு தெரியாம நிக்கிறவன் பொண்டாட்டி இல்லாம வேற யாருடி?"

அவரைச் சேர்த்துக்கொள்ளச் சம்மதம் என்று கைகள் உயர்ந்தன.

"ஆனா தோதோ, சலுகை கிடையாது. சமையல் உண்டு, பாத்திரம் கழுவறது உண்டு, மஞ்சப் பாவாடை உண்டு."

"பாவாடையுமா மனாங்?"

"சமம்னா சமம்."

அவர் முறை வந்தது. "அனலூ, நல்லா இருக்கியா?"

கரகரப்புக்கு நடுவே பதில் வந்தது. "இருக்கேன். கால்ல கொப்புளம், அவ்வளவுதான். ஆமா, உன்னை எப்படி அந்தப் பொட்டிகிட்ட விட்டாங்க?"

"சங்கத்துல சேந்துட்டேன்."

மறுமுனையில் குழு மொத்தமும் வெடித்துச் சிரித்தது.

"பாவாடைக்கு அளவு குடுத்தியா?"

"இப்பதான் எடுக்கறாங்க." பொய்யில்லை, இடுப்பில் அளவு நாடா சுற்றியிருந்தது. "இன்னும் கோவமா?"

"இருந்துச்சு. நீ பாவாடையில நிக்கிறதை நினைச்சேன், போயிடுச்சு."

"நிமிஷம் ஆச்சு, நகரு," என்றார் ஒஃபேலியா.

ஜனவரியில் அனலூ முழுசாக வீடு திரும்பினார். சங்கத்தின் பெயரை மாற்றிவிடலாமா என்று மேலாளர் கேட்டதற்கு, வேண்டாம் என்று டெல்ஃபினே சொல்லிவிட்டார். திருவிழா ஆட்டத்தில் அவரை நடுவரிசையில் மறைத்து நிறுத்தினார்கள். உயரமான ஆளாகையால் மறையவில்லை.

மனைவியர் சங்கத்தில் அவர் உறுப்பினராக இருந்துவரும் காலம்: ஒன்பது ஆண்டுகள்.